மதிய ஆட்டத்துக்குப் போன தம்பதி

அத்தியாயம் 5

"அந்தப் படத்தை எடுத்தவனைத் தூக்கில் போடணும்" என்றார் லெயோன்.

மார்கரித் கேட்டது ஒரே ஒரு கேள்விதான். ஞாயிற்றுக்கிழமை மதியம் நீங்களும் உங்கள் மனைவியும் எங்கே இருந்தீர்கள்? சினிமாவுக்குப் போயிருந்தோம் என்று சொன்னால் தீர்ந்தது. ஆனால் லெயோன் சைகோன் நீதிமன்றத்தில் தலைமை எழுத்தராக இருந்து ஓய்வு பெற்றவர். ஒரு வார்த்தையில் முடிய வேண்டியதை ஒரு பக்கத்துக்கு இழுத்தே பதவி உயர்வு வாங்கியவர். சும்மா விடுவாரா?

பிரம்பு நாற்காலியில் கால்மேல் கால் போட்டு உட்கார்ந்திருந்தார். வெள்ளை கோட்டு, வெள்ளைக் காற்சட்டை, வீட்டுக்குள்ளேயே பளபளக்கும் பூட்ஸ். கோட்டில் ஒரு பதக்கம். அவருடைய தாத்தா புதுச்சேரியில் ஒரு கையெழுத்துப் போட்டு, பிரெஞ்சுக் குடிமகனாகி, பிரெஞ்சுக் குடும்பப் பெயர் ஒன்றையும் வாங்கிக்கொண்டார். அன்றிலிருந்து அந்தக் குடும்பத்தில் யாருக்கும் இட்லி பிடிப்பதில்லை என்று சைகோன் தமிழர்கள் சொல்வார்கள். அது பொய். இட்லி பிடிக்கும். கதவைச் சாத்திக்கொண்டு சாப்பிடுவார்கள்.

மார்கரித் அவருக்கு எதிரே ஒரு முக்காலியில் உட்கார்ந்திருந்தாள். அந்த வீட்டில் அவளுக்குக் கிடைத்த மரியாதை அவ்வளவுதான். காரைக்கால்காரி, நாற்பதைத் தாண்டியவள். அரசு வழக்கறிஞர் அலுவலகத்தில் தட்டெழுத்தாளராக இருந்து, ஊரில் உள்ள அத்தனை பேருடைய பொய்களையும் பிழையில்லாமல் தட்டச்சு செய்தவள். வியட்நாம் இரண்டாகக் கிழிந்து, பிரெஞ்சுக்காரர்கள் மூட்டை கட்டத் தொடங்கியதும் அலுவலகம் மூடப்பட்டது. கைவசம் இருந்த ஒரே அனுபவத்தை வைத்துக்கொண்டு துப்பறியும் நிலையம் ஆரம்பித்துவிட்டாள்.

வழக்கு சிறியது. லெயோனின் காலமான அண்ணன் ஒரு வியட்நாமியப் பெண்ணைக் கல்யாணம் செய்துகொண்டவர். அவளுக்கு அவர் செய்து போட்டது சிவப்புக் கல் அட்டிகை. இரண்டு பேரும் போய்ச் சேர்ந்த பிறகு, மகள் ஜோசெட்டும் அட்டிகையும் லெயோனின் பொறுப்புக்கு வந்தார்கள். அட்டிகையைப் பீரோவில் வைத்தார். ஜோசெட்டை அடுப்படியில் வைத்தார். இப்போது அவளுக்கு இருபத்தாறு வயது. லெயோன் தம்பதி அடுத்த வாரம் பிரான்சில் உள்ள மார்செய்க்குக் கப்பல் ஏறுகிறார்கள் என்றும், தனக்கு டிக்கெட் எடுக்கவில்லை என்றும் தெரிந்ததும் அவள் அட்டிகையைக் கேட்டாள். பார்க்கலாம் என்றார் சித்தப்பா. ஞாயிற்றுக்கிழமை பீரோ திறந்து கிடந்தது, அட்டிகையைக் காணோம். சமையல்காரிக்கு அன்று விடுமுறை, வீட்டில் இருந்தவள் அவள் ஒருத்திதான். அன்றே போலீஸ் அவளைக் கொண்டுபோய்விட்டது.

பக்கத்து வீட்டு சைனம்புதான் மார்கரித்திடம் ஓடி வந்தவள். இவர்கள் கப்பல் ஏறிவிட்டால் புகாரை வாபஸ் வாங்க ஆளில்லை, அந்தப் பெண் உள்ளேயே கிடந்து செத்துப்போகும் என்று அழுதாள். காலையில் காவல் நிலையத்தில் ஜோசெட்டைப் பார்த்தபோது அவள் அழவில்லை. சித்தி மதியம் கயிறு வாங்க மார்க்கெட்டுக்கு அனுப்பினாள், திரும்பி வந்தபோது வீட்டில் யாருமில்லை, சாயங்காலம் இரண்டு பேரும் சேர்ந்து வருகிற சத்தம் அடுப்படியில் கேட்டது, அவ்வளவுதான் தெரியும் என்றாள். மார்கரித் கிளம்பும்போது மட்டும் ஒன்று சொன்னாள்: "என் பொருளை நான் எதுக்குத் திருடணும், மதாம்? சத்தம் போட்டுக் கேட்டேன். திருடுறவ கேட்பாளா?"

அதனால்தான் மார்கரித் இப்போது இந்த முக்காலியில் உட்கார்ந்து லெயோனின் திரைப்பட விமரிசனத்தைக் கேட்டுக்கொண்டிருந்தாள்.

இங்கிலீஷ் படம். கீழே பிரெஞ்சில் எழுத்து ஓடும். லண்டனில் பதினோரு திருடர்கள். கிரிக்கெட் ஆட்டக்காரர்கள் மாதிரி வேஷம் போட்டுக்கொண்டு ஒரு கிராமத்துக்குப் போகிறார்கள். அங்கே ஒரு பிரபுவின் மாளிகையில் இரும்புப் பெட்டி. அதைத் திறந்து அள்ளிக்கொண்டு கிளம்ப வேண்டியவர்களை ஊர் மக்கள் பிடித்து மைதானத்தில் இறக்கிவிடுகிறார்கள். மட்டை பிடிக்கத் தெரியாத திருடர்கள் தப்பித் தவறி ஜெயித்துக்கொண்டே இருக்கிறார்கள். ஜெயிக்க ஜெயிக்க அடுத்த ஆட்டம், அடுத்த விருந்து. ஊரைவிட்டுப் போகவே முடியவில்லை. கடைசியில் கோப்பை வாங்க மேடையில் நிற்கும்போது அகப்படுகிறார்கள்.

இதையெல்லாம் சொல்லும்போது லெயோனின் உதடு கோணிக்கொண்டே போனது. ஆங்கிலேயனுக்குச் சமைக்கவும் தெரியாது, சிரிக்கவும் தெரியாது. அந்த விளையாட்டு ஒரு விளையாட்டே அல்ல. அதைப் பார்த்துச் சிரித்த வியட்நாமியர்களுக்கும் இந்தியர்களுக்கும் மூளையே கிடையாது.

"ஒரே ஒரு இடம் தேவலை" என்று கொஞ்சம் இறங்கி வந்தார். "ஒரு ஆடு மைதானத்துக்குள்ளே வந்து, இரும்புப் பெட்டிச் சாவியை முழுங்கிடுது. பதினோரு பேரும் நாள் முழுக்க அது பின்னாலேயே நடக்கிறானுங்க, எப்போ வெளியே வரும்னு. அது ஒண்ணுதான் கலை."

மார்கரித் அவருக்கு நன்றி சொல்லிவிட்டு, மதாம் ஜூலியேத்திடம் தனியாகப் பேச வேண்டும் என்றாள்.

ஜூலியேத் பக்கத்து அறையில் மூட்டை கட்டிக்கொண்டிருந்தாள். கணவரைவிட உயரம், கணவரைவிடப் பவுடர் அதிகம். டிசம்பர் மாதமானாலும் சைகோனில் வியர்க்கத்தான் செய்யும். அவள் கழுத்தைச் சுற்றி இறுக்கமாகப் பட்டு ஸ்கார்ஃப் கட்டியிருந்தாள். தொண்டை கட்டியிருக்கிறது என்று கணீரென்ற குரலில் சொன்னாள். சினிமாவுக்குப் போனது உண்மை, படம் மட்டம், அந்த ஆடு வருகிற இடம் மட்டும் பரவாயில்லை என்றாள். ஜோசெட்டைப் பற்றிக் கேட்டபோது மடித்துக்கொண்டிருந்த துணியிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. கலப்பு ரத்தம் என்று மட்டும் சொன்னாள். அதற்குமேல் விளக்கம் தேவையில்லை என்று நினைத்தாள் போலிருக்கிறது.

அறையில் இரண்டு பெரிய தகரப் பெட்டிகள் இருந்தன. ஒன்றில் வெள்ளைப் பெயின்ட்டில் 'மதாம் ஜூலியேத், மார்செய்' என்று எழுதியிருந்தது. மற்றதில் ஒன்றும் இல்லை. பெயின்ட்டர் இன்னும் வரவில்லை என்றாள் ஜூலியேத்.

கிதிர் முகம்மது கொல்லைப்புறத்திலிருந்து வந்து வாசலில் சேர்ந்துகொண்டான். அவன் மார்கரித்தின் உதவியாளன். கீழ்த்தளத்தில் இருந்த தன் துணிக்கடை படுத்துக்கொண்டிருந்ததால், மாடியில் இருந்த அவளுடைய நிலையத்துக்கு வேலைக்கு வந்தவன். நாகூர் கடற்கரையிலிருந்து வந்த குடும்பம். வாய் மட்டும் இன்னும் அலையடித்துக்கொண்டே இருக்கும். சமையல்காரியிடம் பேச்சுக் கொடுக்கச் சொல்லி அவனைக் கொல்லைக்கு அனுப்பியிருந்தாள்.

"கொடியிலே ஒரு பட்டுக்கரை வேட்டி தொங்குது மதாம்" என்றான். "பிரெஞ்சுக் குடியரசு வேட்டி கட்டுறது உங்களுக்குத் தெரியுமா?"

திங்கட்கிழமை காலை லெயோன் கையாலேயே அதைத் துவைக்கப் போட்டாராம். அந்த வீட்டில் வேட்டி இருப்பதே சமையல்காரிக்கு அன்றுதான் தெரியும். யாரிடமும் சொல்லாதே என்று வேறு சொன்னாராம். அதனால்தான் அவள் கேட்பதற்கு முன்பே சொல்லிவிட்டாள்.

மார்கரித் தெருமுனை வரை நடந்தாள். பிறகு, படத்துக்குப் போகலாம் என்றாள்.

கிதிருக்கு ஆச்சரியம். அவர்கள்தான் படத்தை வரிவரியாகச் சொல்லிவிட்டார்களே, பிறகு எதற்கு என்று கேட்டான். அதுதான் உறுத்துகிறது என்றாள் மார்கரித். பிடிக்காத படத்தை யாரும் இவ்வளவு ஞாபகமாகச் சொல்ல மாட்டார்கள். பாதியில் தூங்கியிருப்பார்கள், இல்லையென்றால் திட்டியிருப்பார்கள். லெயோன் திட்டவும் செய்தார், ஒன்றையும் விடாமல் ஒப்பிக்கவும் செய்தார். பரீட்சைக்குப் படித்துவிட்டு வந்த பையன் மாதிரி.

கிதிர் ஏற்கெனவே அதை இரண்டு தடவை பார்த்திருந்தான். மூன்றாவது தடவை அலுவலகச் செலவில் பார்ப்பதில் அவனுக்கு ஆட்சேபம் இல்லை.

கத்தினா தெருவுக்குப் பின்பக்கத்துக் கொட்டகை. மதிய ஆட்டம். முன்வரிசையில் சில பிரெஞ்சுச் சிப்பாய்கள், ஊருக்குப் போகிற சந்தோஷத்தில் எல்லாவற்றுக்கும் சிரித்தார்கள். பின்னால் வடக்கேயிருந்து அகதிகளாக வந்த ஒரு குடும்பம், மின்விசிறிக்காகவே டிக்கெட் வாங்கியது போல, திரையைப் பார்க்காமல் மேலே பார்த்துக்கொண்டிருந்தது. படம் மோசமில்லை. திருடர் தலைவன் குண்டான ஆசாமி. பந்தைப் பிடிக்கப் போய் அது தானாக அவன் சட்டைப்பைக்குள் விழுகிறது. ஊரே எழுந்து நின்று கைதட்டுகிறது. அவன் முகத்தில் வருகிற பயத்தைப் பார்த்து மார்கரித்தே சிரித்துவிட்டாள். கிதிர் அவளைவிட முன்னதாகவே சிரித்தான், அடுத்து என்ன வரும் என்று தெரிந்ததால்.

கோப்பை வந்தது. போலீஸ் வந்தது. 'முற்றும்' வந்தது. விளக்குகள் எரிந்தன.

மார்கரித் எழுந்திருக்கவில்லை.

"கிதிர், ஆடு எங்கே?"

அவன் சிரிப்பு பாதியில் நின்றது. எந்த ஆடு என்று கேட்டான். கேட்ட விதத்திலேயே அவனுக்கு அந்த ஆட்டைத் தெரியும் என்று அவளுக்குப் புரிந்துவிட்டது. சாவியை விழுங்குகிற ஆடு என்றாள். லெயோனுக்குப் பிடித்த ஆடு. ஜூலியேத்துக்கும் பிடித்த ஆடு.

கிதிர் தலையைச் சொறிந்தான். சனிக்கிழமை, லெயோன் வீட்டுக்கு எதிரே உள்ள காப்பிக் கடையில், செட்டியார் கட்டடத்துக் காவல்காரர் கருப்பையாவுக்கும் வேறு சில தமிழ் ஆட்களுக்கும் அவன் இந்தப் படத்தின் கதையைச் சொன்னான். திருடன், மாளிகை, பெட்டி வரை வாயைப் பிளந்து கேட்டார்கள். கிரிக்கெட் வந்ததும் கருப்பையா பீடி பற்றவைக்க ஆரம்பித்துவிட்டார். கூட்டம் கலைகிற மாதிரி இருந்தது.

"ஆட்டம்னு சொல்லிட்டு ஒரு ஆடுகூட இல்லைன்னா எப்படி மதாம்? அதான், ஒண்ணை ஓட்டி விட்டேன்."

வேறு எங்காவது, வேறு யாரிடமாவது அந்த ஆட்டைச் சொன்னானா என்று கேட்டாள். இல்லை. அங்கே மட்டும்தான். எதிர்வீட்டு மாடி ஜன்னலில் லெயோன் பிரெஞ்சுப் பத்திரிகையால் முகத்தை மறைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தது அவனுக்கு இப்போதுதான் நினைவுக்கு வந்தது. தமிழ்ப் பேச்சு காதில் விழுந்தாலே தலைவலி என்று சொல்லும் மனிதர். மூச்சுவிடாமல் கேட்டிருக்கிறார்.

கொட்டகையைவிட்டு வெளியே வரும்போது கிதிருக்கு ஒரு பக்கம் வெட்கம், ஒரு பக்கம் பூரிப்பு. அந்த ஆளுக்குப் பிடித்த ஒரே காட்சி நம்முடையது என்றான். உலகத்திலேயே மட்டமான ரசிகர் உனக்குக் கிடைத்திருக்கிறார், சந்தோஷப்படு என்றாள் மார்கரித்.

இரண்டு பேருமே படம் பார்க்கவில்லை. லெயோன் கேட்ட கதையை மனைவிக்குச் சொல்லிக்கொடுத்திருக்கிறார். அப்படியானால் அன்று மதியம் வேட்டி கட்டிக்கொண்டு எங்கே போனார்? கோயிலுக்குப் போகிறவர் இல்லை. மாதா கோயிலுக்குப் பூட்ஸோடுதான் போவார். திருட்டு நகையை விற்கப் போனார் என்பது கிதிரின் கட்சி. வேட்டி கட்டினால் யாருக்கும் அடையாளம் தெரியாது என்றான்.

மார்கரித் ஒத்துக்கொள்ளவில்லை. பட்டுக்கரை வேட்டி ஒளிந்துகொள்ள உதவாது, யார் கண்ணிலாவது படத்தான் உதவும். லெயோனைப் போன்ற ஒருவர் தமிழனாகத் தெரிய வேண்டும் என்று ஆசைப்பட்டால், அதில் அவருக்கு ஏதோ லாபம் இருக்க வேண்டும். இன்றைய சைகோனில் தமிழனாக இருப்பதை மெச்சுகிற அதிகாரம் யாரிடம் இருக்கிறது?

போர் நிறுத்தத்தைக் கண்காணிக்கும் கமிஷனோடு வந்திருந்த இந்திய அதிகாரிகளில் ஒருவர் மேஜர் அரிகிருஷ்ணன், கோயம்புத்தூர்க்காரர். அவர் வீட்டுத் திரைச்சீலைகளெல்லாம் கிதிர் கடைத் துணி. சிக்லோ என்கிற மிதிவண்டி ரிக்‌ஷா பிடித்துப் போய்ச் சேர்ந்தபோது மேஜர் தோட்டத்தில் தேநீர் குடித்துக்கொண்டிருந்தார். ஞாயிற்றுக்கிழமை யாராவது வேட்டியில் வந்தார்களா என்று மார்கரித் கேட்டதும் கோப்பையைக் கீழே வைத்துவிட்டார்.

வந்தார் என்றார். கூடை நிறைய ஆப்பிளும் ஒரு ரோஜா மாலையும் கொண்டுவந்தார். மதியச் சாப்பாடு முடிந்ததும் வந்தவர், விளக்கு வைக்கும் நேரம்தான் எழுந்தார். பிரெஞ்சு ஆட்சியில் தான் பட்ட அவமானங்களைச் சொல்லிக் கண் கலங்கினார். சின்ன வயதிலிருந்தே தனக்குக் கதர்மேல் பக்தி என்றார். புதுச்சேரி இந்தியாவோடு சேர்ந்த செய்தி வந்த அன்று வீட்டில் பாயசம் வைத்ததாகச் சொன்னார். கடைசியில் விஷயத்துக்கு வந்தார். மார்செய்க்குக் கப்பல் டிக்கெட் இருக்கிறது, ஆனால் மனசு பாரதத்தில் இருக்கிறது. இந்தியக் குடியுரிமைக்கு மேஜர் ஒரு வார்த்தை சொல்ல முடியுமா?

"நான் என்ன சொன்னேன் தெரியுமா?" என்றார் மேஜர். "அது என் வேலை இல்லைங்க, இந்தியத் தூதரகத்துலே போய்க் கேளுங்கன்னு சொன்னேன். ஆப்பிளைத் திருப்பி எடுத்துக்கிட்டார். மாலையை மட்டும் விட்டுட்டுப் போனார், வாடிப்போச்சு போலிருக்கு."

திரும்பும் வழியில் கிதிர் சிரித்து ஓய்ந்தான். மார்கரித் சிரிக்கவில்லை. லெயோன் அற்பர், ஆனால் அட்டிகையைத் திருடியவர் அவர் இல்லை. மதியம் முழுக்க மேஜர் வீட்டுத் தோட்டத்தில் ஆப்பிளோடு உட்கார்ந்திருந்தவர் பீரோவைத் திறந்திருக்க முடியாது. காலையில் பிடித்த கயிறு கையிலேயே அறுந்துவிட்டது. சிக்லோ ஆற்றங்கரைக்கு வந்து திரும்பும்போது அவள் திடீரென்று, நாம் ஒரு பொய்யை மட்டும்தான் எண்ணினோம், ஆனால் அந்தப் பொய்க்குள் இரண்டு பேர் இருந்தார்கள் என்றாள்.

மறுநாள் காலை லெயோன் வீட்டுக் கூடத்தில் இந்த முறை அவள் முக்காலியில் உட்காரவில்லை. பிரம்பு நாற்காலியில் போய் உட்கார்ந்தாள். லெயோன் நின்றுகொண்டிருக்க வேண்டியதாயிற்று. ஜூலியேத் வாசற்படியில் சாய்ந்து நின்றாள். கிதிர் தகரப் பெட்டிகளின் பக்கம் போய் நின்றுகொண்டான்.

மார்கரித் சுற்றி வளைக்கவில்லை. அந்தப் படத்தில் ஆடு கிடையாது என்றாள். அந்த ஆட்டுக்குச் சொந்தக்காரன் இதோ நிற்கிறான் என்று கிதிரைக் காட்டினாள். கிதிர் குனிந்து வணக்கம் வைத்தான். பிறகு அவள் மேஜரைப் பற்றிச் சொன்னாள். வேட்டியைப் பற்றி, கதர் பக்தியைப் பற்றி, திரும்பி வந்த ஆப்பிளைப் பற்றி.

லெயோனின் முகம் சுண்ணாம்பு உதிர்ந்த சுவர் மாதிரி ஆனது. முதலில் மறுத்தார். அப்புறம் கமிஷனுடைய வேலை விஷயமாகப் போனேன் என்றார். அதன் பிறகு, இந்தக் காலத்தில் இரண்டு பக்கமும் ஒரு கால் வைத்திருப்பதில் என்ன தப்பு என்று கேட்டார். ஜூலியேத் அவரைப் பார்த்த பார்வையில் கோபமே இல்லை. தெருவில் கிடக்கிற ஒன்றை மிதிக்காமல் தாண்டும்போது பார்ப்பது மாதிரி பார்த்தாள்.

"அன்னிக்கு நீங்க வேட்டியோட வீட்டுக்கு வந்தப்போ மதாம் பார்த்தாங்களா?" என்று கேட்டாள் மார்கரித்.

தெருமுனையிலேயே அவளைப் பார்த்ததாகச் சொன்னார் லெயோன். யாராவது கேட்டால் சினிமாவுக்குப் போனோம் என்று சொல்லு என்றாராம். படத்தின் கதையையும் வீட்டுக்கு நடக்கும்போதே சொல்லிவிட்டாராம். அவள் சரி என்றாளாம். "என் மனைவி ஒரு கேள்வியும் கேட்கலை. அப்படிப்பட்ட பொம்பளை" என்று கொஞ்சம் பெருமையாகவே சொன்னார்.

"அதான் எனக்கும் இடிக்குது" என்றாள் மார்கரித். "கல்யாணம் ஆனதிலேருந்து வேட்டியே கட்டாத மனுஷன் பட்டுக்கரை வேட்டியோட தெருவிலே வர்றார். எங்கே போனீங்கன்னு பெண்டாட்டி கேட்கலை. ஏன் பொய் சொல்லணும்னு கேட்கலை. எந்தப் பெண்டாட்டி கேட்காம இருப்பா? அந்தப் பொய் அவளுக்கும் தேவைப்பட்டாத்தான் கேட்க மாட்டா."

லெயோன் மெதுவாகத் தலையைத் திருப்பி மனைவியைப் பார்த்தார்.

அவர் மனைவி அன்று சினிமாவில் இல்லை, அவரோடும் இல்லை. இதைத் தெரிந்த ஒரே ஆள் உலகத்தில் அவர்தான் என்றாள் மார்கரித். வீட்டில் திருட்டு நடந்திருக்கிறது, மனைவி எங்கே இருந்தாள் என்று அவருக்குத் தெரியாது. ஒரு நிமிடம் யோசித்திருந்தால் போதும். யோசிப்பதைவிட அண்ணன் மகளைப் பிடித்துக் கொடுப்பது அவருக்குச் சுலபமாக இருந்தது.

இதற்குள் கிதிர் பெட்டிகளைத் தட்டிக்கொண்டிருந்தான். பெயின்ட்டர் வரவில்லை என்றால் இந்தப் பெட்டியில் மட்டும் எழுதியது யார் என்று ஜூலியேத்தைப் பார்த்துக் கேட்டான். ஒரே வீட்டில் ஒரு பெட்டி மார்செய்க்குப் போகிறது, இன்னொன்றுக்கு ஊர் கிடையாது. இரண்டும் ஒரே கப்பலா, மதாம்?

ஜூலியேத் ஸ்கார்ஃபை இன்னும் இறுக்கிக்கொண்டாள். மார்கரித் எழுந்து அவள் அருகே போனாள்.

"தொண்டை இன்னும் சரியாகலையா? ஸ்கார்ஃபைக் கொஞ்சம் அவிழ்த்துக் காட்டுங்க."

போலீஸ் வீடு முழுக்கத் தேடியிருந்தது. ஜோசெட்டின் பாயைக்கூட உதறிப் பார்த்தது. வீட்டுக்காரியின் கழுத்தைத் தேடவேண்டும் என்று யாருக்கும் தோன்றவில்லை. எங்கே ஒளித்து வைத்தாலும் கணவர் நோண்டுவார் என்று ஜூலியேத்துக்குத் தெரியும். அவள் ஓடவோ கத்தவோ இல்லை. மார்கரித்தின் கண்ணைப் பார்த்துக்கொண்டே முடிச்சை அவிழ்த்தாள். சிவப்புக் கற்கள் வரிசையாக வெளியே வந்தன. வியர்வையில் கழுத்துத் தோல் கன்றியிருந்தது.

"அடுத்த வாரம் போற கப்பல்லே இவருக்குத்தான் டிக்கெட். எனக்கு நாளைக்குப் போறதிலே. அன்னிக்கு அட்டிகையை எடுத்துக்கிட்டு அந்த டிக்கெட்டை வாங்கத்தான் வெளியே போயிருந்தேன்" என்றாள் ஜூலியேத். "அங்கே போய் வெறுங்கையோட நிக்கச் சொல்றீங்களா? இந்த ஆளை நம்பியா?"

லெயோன் அப்படியே நின்றார். அட்டிகை போனதைவிட, தன்னை விட்டுவிட்டுப் போக ஒருத்தி தயாராக இருந்தாள் என்பதுதான் அவருக்கு எட்டவில்லை. மனைவிக்குத் தெரியாமல் இந்தியாவுக்கு நழுவப் பார்த்த தானும் அதைத்தான் செய்யவிருந்தார் என்பது அவருக்கு உறைக்கவே இல்லை.

ஜோசெட்டைப் பற்றி இரண்டு பேரும் ஒரு வார்த்தை பேசவில்லை. நீங்கள் சொன்ன கலப்பு ரத்தத்தைப் பார்க்கத்தான் இப்போது எல்லோரும் போகிறோம் என்றாள் மார்கரித்.

காவல் நிலையத்தில் ஓர் இளம் வியட்நாமிய அதிகாரி இருந்தார். அந்த மேசைக்குப் பின்னால் போன மாதம் வரை ஒரு பிரெஞ்சுக்காரர் உட்கார்ந்திருந்தார். சுவரில் அவர் மாட்டியிருந்த படத்தின் இடம் மட்டும் வெள்ளையாகத் தெரிந்தது. ஜோசெட்டைக் கூட்டிக்கொண்டு வந்தார்கள். கசங்கிய ஆடை, வாராத தலை. கூடவே வந்திருந்த சைனம்பு ஓடிப்போய் அவள் கையைப் பிடித்துக்கொண்டாள்.

மார்கரித் அட்டிகையை மேசைமேல் வைத்தாள். லெயோன் தொண்டையைச் செருமிக்கொண்டு, தன்னுடைய சிறந்த பிரெஞ்சில், ஒரு துரதிர்ஷ்டவசமான குடும்பக் குழப்பம் ஏற்பட்டுவிட்டது என்று ஆரம்பித்தார். அதிகாரி கையை உயர்த்தி நிறுத்தினார். அவருக்குப் பிரெஞ்சு நன்றாகவே தெரியும், நேற்று மார்கரித்திடம் அதில்தான் பேசினார். ஆனால் இப்போது வியட்நாமிய மொழியில் ஏதோ சொன்னார். லெயோன் விழித்தார். வாழ்நாளில் பாதியை அந்த ஊரில் கழித்தவருக்கு, மீனை என்ன விலை என்று கேட்பதற்குமேல் அந்த மொழி தெரியாது.

புகார்தாரரின் வாக்குமூலம் இனிமேல் நாட்டு மொழியில்தான் பதியப்படும் என்கிறார், என்றாள் ஜோசெட். மொழிபெயர்க்க யாராவது இருக்கிறார்களா என்று கேட்கிறார்.

கிதிர் ஒரு அடி முன்னே வந்தான். மார்கரித் அவன் சட்டையைப் பிடித்து இழுத்தாள். அதிகாரி ஜோசெட்டையே பார்த்துக்கொண்டிருந்தார். அவள் கையை விடுவித்துக்கொண்டு மேசையருகே வந்து நின்றாள்.

லெயோன் சொல்லச் சொல்ல அவள் சொன்னாள். கூட்டவும் இல்லை, குறைக்கவும் இல்லை. அட்டிகை கிடைத்துவிட்டது என்றார், சொன்னாள். மனைவி ஞாபக மறதியாக வைத்துவிட்டாள் என்றார், அதையும் அப்படியே சொன்னாள். அதிகாரி ஜூலியேத்தின் கன்றிய கழுத்தைப் பார்த்தார், அட்டிகையைப் பார்த்தார், சின்னதாக ஒரு கேள்வி கேட்டார்.

"நீங்க ரெண்டு பேரும் சொன்னது பொய்யான்னு கேட்கிறார்" என்றாள் ஜோசெட்.

லெயோன் குரலைத் தாழ்த்தினார். ஜோசெட்டுக்குத் தெரிந்தவரை அவர் அவளை முதல்முறையாகச் செல்லமாகக் கூப்பிட்டார். "நீயே ஏதாவது நல்லபடியாச் சொல்லும்மா. உனக்குத்தான் அவங்க பாஷை தெரியுமே."

ஜோசெட் அவர் பக்கம் திரும்பினாள்.

"நான் கேள்வியைக் கொண்டுவர்றேன், பதிலைக் கொண்டுபோறேன் சித்தப்பா. பதில் உங்களோடது."

வெளியே ராணுவ லாரி ஒன்று துறைமுகம் பக்கம் போகிற சத்தம் வந்து அடங்கியது. லெயோன் மனைவியைப் பார்த்தார். ஜூலியேத் ஜன்னலைப் பார்த்தாள். அவருடைய சட்டைக் காலர் நனைந்துவிட்டது. கடைசியில் பிரெஞ்சில் இல்லாமல், தமிழில், யாருக்கும் கேட்காத மாதிரி சொன்னார்.

"ஆமா. பொய்தான்."

ஜோசெட் அதிகாரியின் பக்கம் திரும்பி, அறை முழுவதும் கேட்கும்படி அதைச் சொன்னாள்.